அறுவர் ஓடிய பந்தயம்

சென்னையிலிருந்து பெங்களூர் செல்லும் நெடுஞ்சாலையில், ஸ்ரீபெரும்புதூரை அடைவதற்குச் சற்று முன்னர்த் தண்டலம் என்னும் ஊர் உளது. அஃது எம் ஊர். எம் பாட்டனார் இளைஞராயிருந்த காலத்தில் அங்கு ஏரியும் கழனியும் பனந்தோப்புமே கண்ணுக்குப் புலப்பட்டன என்பர். இன்றோ இருங்காட்டுக்கோட்டை முதல் ஒரகடம் வரை மோட்டார் வண்டி செய்யும் ஆலைகளும், அவ்வண்டிகட்கு வேண்டும் டயர், கண்ணாடி, இருக்கை முதலியன செய்யும் ஆலைகளும் நெருங்கி நிற்கின்றன. இவற்றுள் பெரும்பாலானவற்றிற்கு முன்னரே அவ்விடத்திற்கு வந்து சேர்ந்தது ஒரு பந்தயக்களம். சோழவரத்து விமானத் தளத்தில் பன்னாள் பந்தயம் நடத்திவந்த மதராஸ் மோட்டார் ஸ்போர்ட்ஸ் கிளப் என்னும் கழகத்தார், தமக்கென ஒரு களம் வேண்டுமென விரும்பி, 1990-ஆம் ஆண்டில் அதனைத் திறந்தனர். ஒரு முறை சுற்றிவரின் 3.717 கிலோமீட்டர் ஆகும்.

பந்தய நாட்களில் அக்களத்தின் ஓசை எம் ஊர்வரை கேட்கும். ஞாயிற்றுக்கிழமை ஆராதனையில் போதகர் பிரசங்கம் நிகழ்த்துங்கால், தேன்கூட்டைக் கலைத்துவிட்டாற் போன்றதோர் இரைச்சல் சாளரத்தின் வழியே புகுந்து பரவும். சிறுவர் தலைகள் அப்பக்கம் திரும்பும். எம் தலையும் திரும்பியதுண்டு என்பதை மறைப்பதற்கில்லை.

இனி, இக்கட்டுரை எழுதப் புகுந்த காரணத்தைச் சொல்லுவோம். சென்ற பருவத்தில் நம் விடுதி உணவறையில் ஒரு வழக்கு எழுந்தது. பார்முலா ஒன் என்னும் உலகப் பந்தயத்தில் புள்ளி பெற்ற ஒரே இந்தியர் எம் ஊர்க் களத்தில் ஓட்டத் தொடங்கியவரே என்று யாம் சற்றே தலை நிமிர்ந்து கூறினோம். எதிரே அமர்ந்திருந்த பௌதிக வகுப்புத் தோழர் ஒருவர், சோற்றைப் பிசைந்தவாறே, “ஆறு பேர் ஓடிய பந்தயத்தில் நான்காம் இடம்! ஓட மறுத்த பதினால்வர் இட்ட பிச்சையன்றோ அது?” என்றார். உணவறை முழுதும் நகைத்தது. யாம் விடையின்றி இருந்தோம். விடையின்றி இருந்ததற்குக் காரணம், அப்பந்தயத்தைப் பற்றி எமக்குப் பெருமை தெரிந்திருந்ததேயன்றிச் செய்தி தெரிந்திராமைதான். அது நிகழ்ந்தபோது யாம் பிறந்திலோம். ஆதலின் பின்னர் அதன் பதிவுப் படத்தை மும்முறை கண்டும், கிடைத்த வரலாறுகளைப் படித்தும், டயர்த் தொழிற்சாலையொன்றில் வேலை பார்க்கும் எம் தமையனாரை வினாவியும் அறிந்தவற்றை ஈண்டு உரைக்கின்றோம்.

பந்தயத்திற்கு முன் ஓட்டியைப் பற்றிச் சில சொற்கள். நரேன் கார்த்திகேயன் 1977-ஆம் ஆண்டு ஜனவரித் திங்கள் 14-ஆம் நாள் சென்னையில் பிறந்து கோயம்புத்தூரில் வளர்ந்தவர். அவர் தந்தையாரும் மோட்டார் ஓட்டப் போட்டிகளில் புகழ் பெற்றவர்; தென்னிந்தியப் பேரோட்டத்தை ஏழு முறை வென்றவர். மைந்தர் முதன்முதல் பந்தயம் ஓடியது ஸ்ரீபெரும்புதூர்க் களத்தில், மாருதிச் சிற்றுந்தின் எஞ்சினைப் பொருத்திய ஒற்றையிருக்கை வண்டியில். அம்முதற் பந்தயத்திலேயே பரிசு மேடை ஏறினார். பின்னர் பிரான்சு நாட்டு ஓட்டுநர் பள்ளியொன்றில் பயின்று, மீண்டும் இங்கு வந்து ஓடி, இங்கிலாந்து சென்று சிறு வகுப்பு வண்டிகளில் உழைத்து, 1996-இல் பார்முலா ஏஷியா என்னும் தொடரை வென்றார். அதனை வென்ற முதல் ஆசியர் அவரே. இவ்வளவும் செய்தும் உலகப் பந்தயத்தின் வாயில் திறக்க இன்னும் ஒன்பது ஆண்டுகள் ஆயின. 2005-ஆம் ஆண்டில் ஜோர்டன் என்னும் அணியில் இடம் கிடைத்தது. அவ்வணியோ ஒரு காலத்தில் வெற்றி கண்டு, பொருள் வற்றி, கைமாறி, தன் பெயரில் இறுதி ஆண்டை ஓட்டிக்கொண்டிருந்தது. பத்து அணிகளுள் ஜோர்டனும் மினார்டியுமே கடைநிலையில் நின்றன. அவ்வாண்டு மார்ச்சுத் திங்களில் மலேசியாவில் நடந்த பந்தயத்தில் நரேன் பதினொன்றாம் இடம் பெற்றார். முதல் எட்டு இடங்கட்கே புள்ளி உண்டு. அவ்வண்டியைக் கொண்டு எட்டுக்குள் வருதல் அரிதினும் அரிது.

இனிக் களத்தைக் காண்போம். அமெரிக்க நாட்டு இண்டியானா மாநிலத்து இண்டியானாபோலிஸ் நகரில் 1909-ஆம் ஆண்டில் சமைக்கப்பெற்ற நீள்வட்டப் பெருங்களம் ஒன்று உளது. 1911 முதல் அங்கு ஆண்டுதோறும் 500 மைல் பந்தயம் நடந்துவருதல் பலரும் அறிந்ததே. உலகப் போர்க்காலத்தில் மட்டும் அது தடைப்பட்டது. 2000-ஆம் ஆண்டில் பார்முலா ஒன் பந்தயம் அங்குச் சென்றபோது, வட்டத்தின் உட்புறத்தில் வளைந்து வளைந்து செல்லும் பாதையொன்றை அமைத்து, பழைய வட்டத்தின் ஒரு பகுதியோடு அதனை இணைத்தனர். வட்டத்தில் ஓடும் அமெரிக்க வண்டிகள் இடப்புறமாகவே திரும்புவன. பார்முலா ஒன் வண்டிகளோ அதே பகுதியை எதிர்த்திசையில், வலப்புறமாகத் திரும்பி ஓடின. அவ்வாறு வட்டத்தினின்று எடுத்துக்கொண்ட வளைவே பதின்மூன்றாம் வளைவு எனப் பெயர் பெற்றது. அது சமதளமன்று, கிண்ணத்தின் உட்சுவர் போல ஏறத்தாழ 9 பாகை சாய்ந்தது. அதனை ஒட்டி வெளிப்புறத்தில் கற்சுவர். வண்டிகள் அங்கு வேகத்தைக் குறைப்பதில்லை. மணிக்கு 300 கிலோமீட்டருக்கு அணித்தான வேகத்தில் அதனைக் கடந்து, கூட்டம் அமர்ந்திருக்கும் நேர்ப்பாதைக்குள் பாயும். அவ்வாண்டின் எந்தப் பந்தயக்களத்திலும் இத்தகைய சாய்வளைவு இல்லை என்பதைக் கருத்தில் இருத்துக.

இவ்வளைவில் டயர் படும் பாட்டை எம் தமையனார் எமக்கு விளக்கினார். பழைய ஸ்கூட்டர் டயர் ஒன்றைத் தரையில் நிறுத்தி, அதன்மேல் எம்மை ஏறி நிற்கச் சொன்னார். யாம் நின்றவுடன் டயரின் இருபக்கமும் புடைத்தன. “தரையைத் தொடும் பகுதி தடித்த ரப்பர், அது தேயுமேயன்றி எளிதிற் கிழியாது. சுமையை உண்மையில் தாங்குவது இந்தப் பக்கச்சுவர்தான். அதனுள் நூற்படலம் ஓடுகிறது. அடியில் எஃகுக் கம்பி வளையம் சக்கரத்தைப் பற்றிக்கொண்டு நிற்கிறது. பக்கச்சுவர் ஒவ்வொரு சுற்றிலும் ஒரு முறை மடங்கி நிமிரும். மடங்குந்தோறும் சூடேறும். சூடேற நூலும் ரப்பரும் ஒட்டுவிட்டுப் பிரியும். பிரிந்தால் அது வெளியே தெரியாது, தம்பி, வெடிக்கும்போதுதான் தெரியும்,” என்றார். யாம் காகிதத்தில் கணக்கிட்டுப் பார்த்தோம். அவ்வேகத்தில் பந்தய வண்டியின் டயர் நொடிக்கு ஏறத்தாழ 40 முறை சுழலும். அஃதாவது நாம் ஒரு முறை இமைத்து முடிக்குமுன் பத்து முறை மடங்கி நிமிர்ந்துவிடும்.

சமதள வளைவில் வண்டியைப் பக்கவாட்டில் தள்ளும் விசை, சாய்ந்த வளைவில் ஒரு பங்கு கீழ்நோக்கிய அழுத்தமாகவும் மாறுகின்றது. வண்டியின் முன்னும் பின்னும் அமைந்த இறக்கைகள் காற்றின் உதவியால் மேலும் அழுத்துகின்றன. வலப்புறம் திரும்பும் வளைவாதலின் பாரமெல்லாம் இடப்புற டயர்களின்மேற் சாய்கின்றது. எஞ்சின் வலியைத் தரைக்குச் செலுத்தும் பின் டயருக்கு இரட்டிப்புத் துன்பம். ஆகவே இடப்புறப் பின் டயரின் பக்கச்சுவரே அவ்வளைவின் பலியாடு என்க.

அக்காலத்தில் இரு நிறுவனங்கள் டயர் வழங்கின. பிரான்சு நாட்டு மிச்சலின், ஏழு அணிகட்கு வழங்கியது: ரெனோ, மெக்லாரன், வில்லியம்ஸ், டொயோட்டா, பி.ஏ.ஆர்., சாபர், ரெட்புல் என்பன. ஜப்பான் நாட்டு பிரிட்ஜ்ஸ்டோன், மூன்று அணிகட்கு வழங்கியது: பெராரி, ஜோர்டன், மினார்டி. அவ்வாண்டு விதியொன்று புதிதாக வந்திருந்தது. தகுதிச் சுற்றுக்கும் முழுப் பந்தயத்திற்கும் ஒரே டயர்த் தொகுதியையே பயன்படுத்தல் வேண்டும். பழுதுற்றாலன்றி இடையில் மாற்றலாகாது. செலவைக் குறைத்தற்கும் வேகத்தைத் தணித்தற்கும் வகுத்த விதி அது. முந்திய ஆண்டுகளில் இருபது சுற்றுக்கு ஒரு டயர் என ஓடியவர்கள், இப்போது ஒரே டயரைக் கொண்டு பந்தயம் முழுவதையும் முடித்தாக வேண்டியதாயிற்று. மற்றொன்றும் உண்டு. பந்தயத்திற்கு முன் இண்டியானாபோலிஸ் களத்தின் மேற்பரப்பைச் செதுக்கி வரியிட்டுச் சொரசொரப்பாக்கியிருந்தனர். பிரிட்ஜ்ஸ்டோனின் கீழ் இயங்கும் பயர்ஸ்டோன் நிறுவனமே 500 மைல் பந்தயத்திற்கு டயர் வழங்கிவந்தது; ஆதலின் மே மாதத்திலேயே அப்புதிய மேற்பரப்பின் இயல்பு அவர்கட்குப் பட்டறிவாயிற்று. மிச்சலினுக்கு அவ்வாய்ப்பில்லை.

2005 ஜூன் 17, வெள்ளிக்கிழமை. பயிற்சி ஓட்டத்தில் டொயோட்டா அணியின் ரால்ப் ஷூமாக்கர் பதின்மூன்றாம் வளைவில் இடப்புறப் பின் டயர் கெட்டுச் சுவரில் மோதினார். இவரே முந்திய ஆண்டிலும் ஏறத்தாழ அதே இடத்தில் மோதி, முதுகெலும்பிற் காயமுற்றுப் பல பந்தயங்களை இழந்தவர் என்பதை நினைக்குங்கால் உடல் நடுங்குகின்றது. மிச்சலின் பொறியியலார் பிற டயர்களை ஆய்ந்தனர். அவற்றுள்ளும் கேடு தோன்றியிருக்கக் கண்டனர். காரணம் தெளிவாகப் புலப்படவில்லை. பிரான்சிலிருந்து வேறு வகை டயர்களை விமானத்தில் வருவித்தனர். அவையும் தாங்கா எனத் தெரிந்தது. சனிக்கிழமைத் தகுதிச் சுற்றில் முதலிடம் பெற்றவர் டொயோட்டாவின் யார்னோ ட்ருல்லி. அவ்வணி தன் வரலாற்றில் அடைந்த முதல் முதலிடம் அது; அதனைக் கொண்டு அவர் ஓட இயலாமற் போவதை அப்போதே பலர் அறிந்திருந்தனர்.

பின்னர் நிகழ்ந்தது கடிதப் போர். மிச்சலின் நிறுவனத்தார் பந்தய அதிகாரி சார்லி வைட்டிங்கிற்கு எழுதினர்: பதின்மூன்றாம் வளைவில் வேகத்தைக் குறைக்க ஒரு வழி செய்தாலன்றி எம் டயர்களுக்கு யாம் பொறுப்பேற்க இயலாது என்பது அதன் சாரம். அவ்வளைவில் வளைந்து நெளிந்து செல்லுமாறு தடுப்பு வைத்து வேகத்தைத் தணித்தல் வேண்டும் என அணிகள் கேட்டன. பத்து அணிகளுள் ஒன்பது இதற்கு இசைந்தன, பெராரி சேரவில்லை. மிச்சலின் அணிகள் தமக்குப் புள்ளியே வேண்டா என்று கூறவும் முன்வந்தன என மினார்டித் தலைவர் பால் ஸ்டாடர்ட் பின்னர் எழுதினார். உலக மோட்டார்ச் சங்கத்தின் தலைவர் மாக்ஸ் மோஸ்லி மறுத்தார். அவர் நியாயம் இது: மூன்று அணிகள் தக்க டயரோடு வந்துள்ளன. தகாத டயரோடு வந்தவர்க்காகக் களத்தையே மாற்றுதல் அவர்கட்கு அநீதி. மேலும் ஒரே இரவில் நட்ட தடுப்பை எவரும் சோதித்துப் பார்த்ததில்லை. அதனால் ஒருவர் மாண்டால் யார் பொறுப்பு? வேண்டுமாயின் மிச்சலின் ஓட்டிகள் அவ்வளைவில் மட்டும் மெல்லச் செல்லட்டும். அல்லது தேவைப்படுந்தோறும் டயரை மாற்றிக்கொள்ளட்டும். அல்லது ஒவ்வொரு சுற்றிலும் வண்டி நிறுத்தும் ஒழுங்கை வழியே செல்லட்டும்.

காகிதத்திற் படிக்குங்கால் மோஸ்லியின் விடை குற்றமற்றது. ஆனால் ஒரு வளைவில் சிலர் 300 கிலோமீட்டர் வேகத்தில் வர, சிலர் பாதி வேகத்தில் ஊர்வதென்பது எத்தகைய பாதுகாப்பு என்பது எமக்கு விளங்கவில்லை. எம் ஊர் நெடுஞ்சாலையில் ஆலைப் பேருந்தும் மாட்டு வண்டியும் ஒரே வழியிற் செல்லும் கோலத்தைக் கண்டவர்க்கு இதனை விரித்துரைக்க வேண்டுவதில்லை.

ஜூன் 19, ஞாயிற்றுக்கிழமை. நம் நாட்டில் நள்ளிரவு நெருங்கிய வேளை. அங்கே நண்பகல் கடந்த வெயில். நூறாயிரத்திற்கு மேற்பட்ட மக்கள் கூடியிருந்தனர். இருபது வண்டிகளும் வரிசையில் நின்றன. பந்தயத்திற்கு முன் எல்லா வண்டிகளும் ஒரு சுற்று மெல்லச் சென்று தத்தம் இடத்தில் நிற்பது மரபு. இருபதும் புறப்பட்டன. சுற்றின் முடிவில், பதின்மூன்றாம் வளைவிற்கு முன்னர், முதலாவதாகச் சென்ற ட்ருல்லி களத்தைவிட்டு விலகி ஒழுங்கைக்குள் நுழைந்தார். அவர் பின் மற்றொருவர். அவர் பின் இன்னொருவர். இவ்வாறு பதினான்கு வண்டிகள் ஒன்றன்பின் ஒன்றாக வீடு திரும்பும் ஆநிரை போலச் சென்று ஒடுங்கின. களத்தில் எஞ்சியவை ஆறு. முன்புறத்தில் இரு பெராரிகள். இடையே ஆளில்லாத வெற்றிடம் நெடுந்தூரம். கடைசியில் இரு ஜோர்டன்களும் இரு மினார்டிகளும். விளக்குகள் அணைந்தன. அறுவரும் பாய்ந்தனர்.

முதலில் மக்கட்கு ஒன்றும் புலப்படவில்லை. புலப்பட்டவுடன் பெருங்கூச்சல் எழுந்தது. காசைத் திருப்பித் தருக எனக் கூவினர். பலர் எழுந்து வெளியேறினர். சிலர் புட்டிகளையும் தகரக் குவளைகளையும் களத்துள் எறிந்தனர். ஓடிக்கொண்டிருந்த ஆறு ஓட்டிகளும் எக்குற்றமும் செய்யாதவர்கள், எறிபட்டவர்கள் அவர்களே.

73 சுற்று, 306 கிலோமீட்டர். பெராரியின் மைக்கேல் ஷூமாக்கரும் ரூபன்ஸ் பாரிக்கெல்லோவும் முன்னே ஓடினர். ஒரு முறை ஷூமாக்கர் ஒழுங்கையினின்று வெளிவருங்கால் இருவரும் நெருங்கி, பாரிக்கெல்லோ புல்தரைக்குள் ஒதுங்க நேர்ந்தது. அஃதொன்றே முன்னணியில் நிகழ்ந்த பரபரப்பு. ஷூமாக்கர் 1 மணி 29 நிமிடம் 43 நொடியில் முடித்தார். பாரிக்கெல்லோ ஒன்றரை நொடி பின்னர். ஏழு முறை உலக வாகை சூடிய ஷூமாக்கருக்கு அவ்வாண்டு முழுவதிலும் கிடைத்த ஒரே வெற்றி இது. ஒரு சுற்றுப் பின்தங்கி மூன்றாவதாக வந்தவர் ஜோர்டனின் டியாகோ மோன்டெய்ரோ. நான்காவதாக வந்தவர் நம் நரேன். இரு சுற்றுப் பின்தங்கி மினார்டியின் ஆல்பர்ஸும் பிரீசாக்கரும் வந்தனர். புறப்பட்ட அறுவரும் முடித்தனர். ஒருவர் வண்டியும் நின்றிலது. பரிசு மேடையில் பெராரி வீரர் இருவரும் மகிழ்ச்சி காட்டாது விரைந்து இறங்கிவிட்டனர். போர்ச்சுகல் நாட்டினர் ஒருவர் அம்மேடையில் ஏறியது அதுவே முதன்முறை. ஆதலின் மோன்டெய்ரோ தனியே நின்று களித்தார். அவரை நகைத்தோர் பலர். எமக்கு நகைக்க மனம் வரவில்லை.

விளைவுகளைச் சுருங்கக் கூறுவோம். மிச்சலின் நிறுவனம் தன் குறையை ஒப்புக்கொண்டு, அன்று வந்தவர் அனைவர்க்கும் சீட்டுப் பணத்தைத் திருப்பித் தருவதாகவும், மறு ஆண்டுப் பந்தயத்திற்கு 20,000 சீட்டுகளை வாங்கி வழங்குவதாகவும் அறிவித்தது. ஓடாத ஏழு அணிகளையும் சங்கம் பாரிசுக்கு அழைத்து விசாரித்து, இரு குற்றச்சாட்டுகளில் தவறுடையன எனத் தீர்த்தது. ஜூலைத் திங்கள் முடியுமுன் புதுச் சான்றுகளைக் கண்டு அத்தீர்ப்பைத் தானே நீக்கியது. டயர் மாற்றலாகாது என்ற விதி மறு ஆண்டில் மறைந்தது. 2006-இன் முடிவில் மிச்சலின் பார்முலா ஒன்னை விட்டு விலகியது. இண்டியானாபோலிஸில் அப்பந்தயம் 2007-உடன் நின்றது. அமெரிக்காவிற்கு அது மீண்டது 2012-இல், டெக்சஸ் மாநிலத்து ஆஸ்டின் நகரில்.

இனி எம் தோழருக்கு விடை கூறுவோம். அவர் கூற்றில் இரு பழிகள் அடங்கியுள. ஓட மறுத்தவர் கோழைகள் என்பது ஒன்று. ஓடினவர் பிச்சை பெற்றவர் என்பது மற்றொன்று.

முதற் பழியை எம் ஊரார் ஒருவரும் ஏற்கமாட்டார். 2023-ஆம் ஆண்டு ஜனவரியில் எம் ஊர்க் களத்தில் கார்ப் பந்தயத்தின்போது 59 அகவையுடைய ஓட்டியொருவர் மோதி இறந்தார். அதே ஆண்டு ஆகஸ்டில் மோட்டார் சைக்கிள் பந்தயத்தில் 13 அகவைச் சிறுவன் ஒருவன் விழுந்து இறந்தான். அன்று களத்தின் ஓசை திடீரென நின்றது. ஓசை கேட்பதை நாங்கள் கவனிப்பதில்லை, நின்றதைக் கவனித்தோம். சிறிது நேரத்தில் ஆம்புலன்ஸ் வண்டியின் ஒலி நெடுஞ்சாலைப் பக்கம் சென்றது. அவ்வொலியைக் கேட்டவர், “தாங்காது எனத் தெரிந்த டயரோடு ஓடியிருக்க வேண்டும்” என்று எவரையும் நோக்கிச் சொல்லார். பதினால்வர் திரும்பியது தகும். ஆயினும் ஒன்று சொல்லுவோம். ஓடப் போவதில்லை என்று தெரிந்தும் ஒரு சுற்று மட்டும் சென்று மக்கள் கண்முன் திரும்பியது தகாது. ஒப்பந்தக் கடமையை நிறைவேற்றும்பொருட்டு அவ்வாறு செய்தனர் என்பர். ஒப்பந்தம் நிறைவேறியிருக்கலாம். பிள்ளைகளைத் தோளில் ஏற்றிக்கொண்டு தொலைவிலிருந்து வந்தவர்க்குக் காலையிலேயே உண்மையைச் சொல்லியிருப்பின், புட்டிகள் பறந்திரா.

இரண்டாம் பழி கடினமானது. பதினான்கு வண்டிகளும் ஓடியிருப்பின் நரேன் நான்காவதாக வந்திருப்பாரா? வந்திரார். இதனை யாம் ஒளிவின்றி ஒப்புக்கொள்கின்றோம். பல பத்திரிகைகளும் மேடைப்பேச்சுகளும் அவ்வைந்து புள்ளிகளைக் கூறுங்கால் அறுவர் என்ற எண்ணை விழுங்கிவிடுகின்றன. விடுதி உணவறையில் யாமும் அதனையே செய்தோம், அதனாலன்றோ நகைக்கப்பட்டோம். எண்ணை மறைத்தவனுக்கு விடை கிடையாது. எண்ணைச் சொல்லியவனுக்கு உண்டு.

தமிழ் மாணாக்கராதலின் எமக்குப் புறத்திணை நினைவிற்கு வருதல் இயல்பே. இரு வேந்தரும் தம் வலிமையே பொருளாக எதிர்நின்று பொருவது தும்பை. எதிர்ப்பார் இல்லாதவிடத்துத் தும்பை இல்லை. இவ்வளவில் தோழர் கூற்று மெய். ஆனால் வாகை என்பதற்குத் தொல்காப்பியர் தரும் பொருள் பகைவரை வெல்லுதல் மட்டுமன்று. தத்தமக்குரிய தொழிற்கூறுகளைப் பிறரினும் மேம்படச் செய்து காட்டுதலும் வாகையே. ஆகவேதான் போர்முகம் காணாத அறிவரையும் தாபதரையும் அவர் அத்திணையுள் வைத்தார். வாகைக்கு எதிரி ஓடிப்போதல் வேண்டுவதில்லை. தன் வேலையைப் பிழையறச் செய்தல் வேண்டும்.

நரேனின் வேலை யாது? அவ்வணியின் வண்டியை, அதே வண்டியைப் பெற்ற தோழரோடும், அதனையொத்த இரு மினார்டிகளோடும் ஓட்டி முடித்தல். இண்டியானாபோலிஸில் மெய்யாகவே ஒரு பந்தயம் நடந்தது. அது பெராரிகளுக்குப் பின்னே, நால்வர்க்கிடையே நடந்தது. அந்நால்வர் பந்தயத்தில் அவர் இரண்டாமவர். மினார்டிகள் இரண்டையும் ஒரு சுற்று பின்னே விட்டார். மோன்டெய்ரோவிடம் தோற்றார். அதனையும் சொல்லிவிடுவோம்: அன்று மோன்டெய்ரோவை வென்றிருப்பின் பரிசு மேடையில் நம்மவர் நின்றிருப்பார். எமக்கு இன்றும் வருத்தம் தருவது பதினால்வர் ஓடாமையன்று, இவ்வொரு இடமே.

மற்றும், அவ்வைந்து புள்ளிகளை அவர் அந்த ஒரு பிற்பகலில் மட்டும் ஈட்டினாரல்லர். ஆறு இருக்கைகளே எஞ்சிய நாளில் அவற்றுள் ஒன்றில் அமர்ந்திருப்பதற்கு முதலில் இருபதுள் ஒன்றில் அமர்ந்திருத்தல் வேண்டும். கோவையிலிருந்து புறப்பட்ட ஒருவர் அவ்விருக்கையை அடையப் பதின்மூன்று ஆண்டுக்காலம் உழைத்தார். அவருக்குப் பின் அவ்வுலகில் இருக்கை பெற்ற மற்றொரு இந்தியர் சென்னையைச் சேர்ந்த கருண் சந்தோக். 2010-இல் நுழைந்த அவருக்கும் புள்ளி கிட்டவில்லை. நரேனே 2011-இலும் 2012-இலும் மீண்டும் ஓடியும் ஆறாவது புள்ளி கிட்டவில்லை.

இவற்றையெல்லாம் எழுதிய தாள்களை அத்தோழரிடம் படிக்கக் கொடுத்தோம். டயர் பற்றிய கணக்கை முதலில் சரிபார்த்தார். அதில் பிழையில்லை என்றார். திணைப் பகுதியைப் புரட்டிவிட்டார். இறுதியில், ஐந்து புள்ளிகளுள் மூன்றைத் தாம் ஒப்புவதாகவும், எஞ்சிய இரண்டிற்கு எம் தமையனாரையே நேரில் வினாவ வேண்டும் எனவும் கூறினார். வரும் பந்தயத்திற்குத் தண்டலம் வருவதாக இசைந்துள்ளார். பழைய ஸ்கூட்டர் டயர் கொல்லைப்புறத்தில் இன்னும் கிடக்கின்றது. அதன்மேல் ஏறி நிற்கும் முறை இனி அவருடையது.